பாட்டா நடந்து வந்த வியாழக்கிழமை: எமர்ஜென்சி பற்றி எங்கள் ஊரின் ஓர்மை

எங்கள் குடும்பத்தில் ஒரு கதை உண்டு. 1975இல் இந்திரா காந்தி அரசு எமர்ஜென்சி, அதாவது நெருக்கடி நிலை, போட்ட அன்று பாட்டா நாகர்கோவிலிலிருந்து முளகுமூட்டுப் பக்கம் இருக்கும் எங்கள் ஊருக்கு நடந்தே வந்தார் என்பது கதை. வடசேரி சந்தையில் மட்டி, ஏத்தன் வாழைக்குலைகளை விற்றுவிட்டு, வீட்டுக்குத் துணி எடுத்துக்கொண்டு திரும்பும்போது சாயங்காலம் ஆகிவிட்டது. கடைகள் ஒவ்வொன்றாக அடைபட்டன. பஸ் நின்றுபோனது. பார்வதிபுரம், சுங்கான்கடை, வில்லுக்குறி, தக்கலை என்று 20 கிலோமீட்டருக்குக் கிட்ட நடந்து, நடுராத்திரி நெருங்கும்போது முற்றத்தில் வந்து நின்றார். பாட்டி சுடுவெள்ளம், அதாவது வெந்நீர், வைத்துக் கொடுத்தாள். கிறிஸ்துமஸுக்குக் கூடினாலும் துக்க வீட்டில் கூடினாலும் யாராவது ஒருவர் இந்தக் கதையை எடுப்பார்கள்.

பாட்டா இப்போது இல்லை. பாட்டியும் இல்லை. 2025 ஜூனில் எமர்ஜென்சிக்கு 50 வருடம் என்று டிவியிலும் பத்திரிகையிலும் பேச்சு வந்தபோது, இதை எழுதி வைக்காவிட்டால் நமக்குப் பிறகு யாருக்கும் தெரியாமல் போய்விடுமே என்ற பயம் வந்தது. அந்த வருடங்களில் விவரம் தெரிந்தவர்களாக இருந்தவர்கள், உறவிலும் தெருவிலுமாக 11 பேர் கிடைத்தார்கள். போனில் ரெக்கார்டரை ஓடவிட்டு ஒவ்வொருவரிடமும் பேசினேன். சிலரிடம் இரண்டு தடவை, பெரியம்மாவிடம் நான்கு தடவை.

முதல் இரண்டு பேரிடம் தப்பாகக் கேட்டுவிட்டேன். "எமர்ஜென்சியில என்ன நடந்தது?" என்று கேட்டேன். அந்த வாரம் டிவியில் வந்ததையே அவர்கள் எனக்குத் திருப்பிச் சொன்னார்கள். அப்புறம் கேள்வியை மாற்றினேன். "1975ல உங்களுக்கு என்ன வயசு? எங்க இருந்தீங்க? வீட்டுல என்ன சமைச்சாங்க? யாரு சம்பாதிச்சா?" இப்படிக் கேட்டால் பேச்சு வேறு மாதிரி வந்தது. எங்கள் பக்கத்தில் ஞாபகம் என்ற சொல்லை விட ஓர்மை என்ற சொல்தான் அதிகம் புழங்கும். "உனக்கு ஓர்மை உண்டா?" என்று கேட்டால் ஆள் ஒரு நிமிஷம் நின்று, கண்ணை எங்கோ வைத்துக்கொண்டு, அப்புறம்தான் பதில் சொல்வார். அந்த ஒரு நிமிஷத்துக்காகத்தான் இந்த வேலை முழுவதும்.

கதை இடித்த இடம்

கதையை எழுதத் தொடங்கியதும் ஒரு சந்தேகம் வந்தது. 1975 ஜூன் 25 இரவு குடியரசுத் தலைவர் பக்ருதீன் அலி அகமது கையெழுத்துப் போட்டார். 26 காலை இந்திரா காந்தி வானொலியில் பேசினார். 26 என்பது வியாழக்கிழமை. "அன்னைக்கு வியாழக்கிழமை" என்று பெரியம்மாவும் அடித்துச் சொன்னார். அதுவரை சரி. ஆனால் அன்று கடை அடைத்தார்கள், பஸ் நின்றது என்று எங்கள் வீட்டுக் கதையைத் தவிர வேறு ஒருவர் வாயிலிருந்தும் வரவில்லை. அப்போது தமிழ்நாட்டில் இருந்தது திமுக ஆட்சி. எமர்ஜென்சியை எதிர்த்து நின்ற ஆட்சி. தலைவர்கள் டெல்லியில் கைதான செய்தி இங்கே முழுதாக வந்து சேரவே நாள் பிடித்தது, பத்திரிகைக்குத் தணிக்கை வேறு. எங்கள் ஊர்ப் பக்கம் அன்றைக்கே கடையடைப்பு என்பது பொருந்தவில்லை.

இரண்டாம் தடவை பெரியம்மாவிடம் போனபோது தேதியைப் பற்றிப் பேச்செடுக்கவில்லை. அந்த ராத்திரியை மட்டும் மெதுவாகச் சொல்லச் சொன்னேன். அப்போது அவருக்கு 19 வயது. அவர் சொன்னதை அப்படியே எழுதுகிறேன்:

"ரேடியோவில ஒரே சோகப் பாட்டு. பாட்டுன்னா வாய்ப்பாட்டு இல்ல மக்ளே, வீணையோ பிடிலோ என்னமோ இழுத்துட்டே இருந்தான். அம்மை நடைக்கும் முற்றத்துக்குமா நடந்துட்டு இருந்தா. அப்பா வரும்போ கையில சூட்டு. வில்லுக்குறியில ஒரு வீட்டுல கேட்டு வாங்கியிருக்காரு. ரோட்டுல ஒரு வெட்டமும் இல்லையாம். மறுநாள் முதல் வெள்ளி. அப்பாவுக்கு காலு நீருவச்சுப் போச்சு, நான் தனியாத்தான் பூசைக்குப் போனேன்."

இதைப் போட்டுப் போட்டுக் கேட்டேன். சூட்டு என்றால் காய்ந்த தென்னோலையைச் சேர்த்துக் கட்டி, பற்றவைத்து, வீசி வீசி நடப்பது. நிலா இருந்தால் யாரும் சூட்டு கேட்டு அடுத்தவர் வீட்டுப் படி ஏறமாட்டார்கள். 1975 ஜூன் 23 பௌர்ணமி. 26ஆம் தேதி இரவு பத்து மணிக்குள் நல்ல நிலா மேலே வந்திருக்கும். ஜூன் கடைசி எங்களுக்கு அடைமழைக் காலம், மேகம் மறைத்திருக்கலாம் என்று வைத்துக்கொண்டாலும், மழையில் சூட்டு எரியாது. கதையில் மழையும் இல்லை.

ரேடியோவில் நாள் முழுக்க வீணையை இழுப்பது யாராவது பெரிய தலைவர் இறந்தால்தான். அந்த ரேடியோ உண்மையிலேயே வீட்டில் இருந்ததா என்றும் பார்த்தேன். அந்தக் காலத்தில் ரேடியோ வைத்துக்கொள்ள வருடா வருடம் போஸ்ட் ஆபீசில் லைசன்ஸ் கட்ட வேண்டும். பாட்டாவின் டிரங்குப் பெட்டியில் அந்தச் சின்னப் புத்தகம் கிடந்தது, 1975க்கான முத்திரையோடு. ஓரமெல்லாம் பாச்சை அரித்திருந்தாலும் முத்திரை தெளிவாக இருந்தது.

எல்லாவற்றையும் தீர்த்துவைத்தது முதல் வெள்ளி. கத்தோலிக்க வீடுகளில் மாதத்தின் முதல் வெள்ளிக்கிழமை தவறாமல் பூசைக்குப் போகும் வழக்கம் உண்டு. அப்போது எங்கள் பங்கெல்லாம் கோட்டாறு மறைமாவட்டத்தில் இருந்தது, குழித்துறை மறைமாவட்டம் 2014இல்தான் வந்தது. ஜூன் 27 வெள்ளிதான், ஆனால் மாதத்தின் கடைசி வெள்ளி. மறுநாள் முதல் வெள்ளியாக வரும் வியாழக்கிழமை அந்த வருடம் எது எது என்று காலண்டரைப் பின்னோக்கித் தள்ளிக்கொண்டே வந்தேன். அக்டோபர் 2இல் விரல் நின்றது. வியாழக்கிழமை. 5ஆம் தேதி அமாவாசை, அதனால் ராத்திரி முழுக்க இருட்டு. மறுநாள் 3ஆம் தேதி, மாதத்தின் முதல் வெள்ளி.

1975 அக்டோபர் 2 காமராஜர் இறந்த நாள்.

நாகர்கோவிலுக்கு அவர் யார்

வெளியூர்க்காரர்கள் காமராஜரை விருதுநகரோடு சேர்த்துத்தான் நினைப்பார்கள். எங்களுக்கு அவர் எங்கள் எம்.பி. குமரியைத் தமிழ்நாட்டோடு சேர்க்கப் போராடிய நேசமணி 1968இல் இறந்தார். அவர் இருந்த நாகர்கோவில் தொகுதிக்கு 1969 தொடக்கத்தில் இடைத்தேர்தல் வந்தது. 1967இல் சொந்த ஊரான விருதுநகரிலேயே தோற்றிருந்த காமராஜர் இங்கே வந்து நின்று ஜெயித்தார். 1971இல் தமிழ்நாடு முழுக்க இந்திரா காந்தியிடமிருந்து பிரிந்து நின்ற அவருடைய ஸ்தாபன காங்கிரஸ் துடைத்தெறியப்பட்டபோது அந்தக் கட்சிக்குக் கிடைத்த ஒரே ஒரு மக்களவைத் தொகுதி நாகர்கோவில். சொந்த ஊர் கைவிட்ட மனுஷனை நாங்கள் கைவிடவில்லை என்ற பெருமை எங்கள் பெரியவர்களிடம் இன்றைக்கும் உண்டு. பாட்டா அதைச் சொல்லும்போது நெஞ்சு நிமிரும்.

காமராஜர் சென்னை தியாகராய நகர் வீட்டில் மதியத்துக்குமேல் இறந்தார். செய்தி ரேடியோ வழியே தெற்கே வந்து சேரும்போது நாகர்கோவிலில் மாலை. இப்போது பாட்டாவின் கதையில் எல்லாம் தன் இடத்தில் உட்காருகிறது. யாரும் அடைக்கச் சொல்லாமலேயே கடைக்காரர்கள் பலகையை எடுத்து வைத்திருப்பார்கள். நான் பேசியவர்களில் 3 பேர், ஒருவரோடு ஒருவர் தொடர்பில்லாதவர்கள், அன்று மாலை கடைகள் அடைபட்டதைச் சொன்னார்கள். ஒருவர் தக்கலையில், ஒருவர் நாகர்கோவில் மீனாட்சிபுரத்தில், ஒருவர் கன்னியாகுமரியில்.

கன்னியாகுமரிக்காரர் அன்று காந்தி மண்டபத்து வாசலில் சிப்பி மாலை விற்றுக்கொண்டிருந்தவர். 1948 பிப்ரவரியில் கடலில் கரைப்பதற்கு முன் காந்தியின் அஸ்தியை மக்கள் பார்க்க வைத்திருந்த இடத்தில் எழுந்த மண்டபம் அது. வருடா வருடம் அக்டோபர் 2 மதியம் கூரையில் இருக்கும் துவாரம் வழியாக வெயில் இறங்கி, அஸ்திக் கலசம் வைத்திருந்த பீடத்தில் விழும்படி கட்டியிருக்கிறார்கள். "மத்தியானம் காந்திமேல வெயிலு விழுந்ததைப் பாத்துட்டு வந்து கஞ்சி குடிச்சேன். பொழுது சாயும்போ காமராசரு போயிட்டாருன்னு சொல்லுதான். அந்த ரெண்டையும் என்னால பிரிச்சு நெனைக்க முடியல்ல" என்றார். இதைச் சொல்லும்போது அவர் கை தானாக மேலிருந்து கீழே இறங்கியது, வெயில் இறங்குகிற மாதிரி.

சரி, காமராஜர் இறந்த நாள் எங்கள் வீட்டில் எப்படி எமர்ஜென்சி போட்ட நாளாக மாறியது? பெரியவர்கள் தேதியை மறந்துவிட்டார்கள் என்று நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். பேசிய 11 பேரில் 6 பேர், நான் கேட்காமலேயே, "எமர்ஜென்சிதான் அவரக் கொன்னுது" என்றோ "மனசொடிஞ்சு செத்தாரு" என்றோ ஏதோ ஒரு விதத்தில் சொன்னார்கள். அவர் மாரடைப்பில் இறந்தார். கூட இருந்த தலைவர்கள் சிறைக்குப் போனதில் அவர் மனம் நொந்திருந்தார் என்பது பரவலாகச் சொல்லப்படுவது. எங்கள் ஊருக்கு எமர்ஜென்சி என்ற சட்டம் ஜூன் 26 அன்று வரவில்லை. ரேடியோவில் வந்த ஒரு பேச்சு, புரியாத ஒரு சொல், அவ்வளவுதான். அது ஊருக்குள் வந்து, கடையை அடைத்து, பஸ்ஸை நிறுத்தி, ஒரு மனுஷனை 20 கிலோமீட்டர் நடக்கவைத்த நாள் அக்டோபர் 2. எமர்ஜென்சி போட்ட அன்று என்று பாட்டி சொன்னது, அது எங்கள்மேல் விழுந்த அன்று என்ற பொருளில். இரண்டு வியாழக்கிழமைக்கும் நடுவில் சரியாக 14 வாரம். கதை அந்த 14 வாரத்தைத் தாண்டிவிட்டது.

ஓடாத ரயில்

எதிர்வீட்டு மாமா அப்போது 22 வயதுத் தையல்காரர். எமர்ஜென்சியைப் பற்றிக் கேட்டதும் முதல் வாக்கியமே இதுதான்: "அந்தக் காலத்தில ரயிலெல்லாம் கரெக்ட் டைமுக்கு ஓடிச்சு."

எங்கள் மாவட்டத்தில் அப்போது ரயிலே கிடையாது. திருவனந்தபுரத்திலிருந்து நாகர்கோவில் வழியாகக் கன்னியாகுமரிக்கு முதல் ரயில் ஓடியது 1979இல். நாகர்கோவிலிலிருந்து திருநெல்வேலிக்குப் பாதை திறந்தது 1981இல். 1975இல் ரயில் பார்க்க வேண்டுமானால் நாங்கள் ஒரு பக்கம் திருவனந்தபுரம் போக வேண்டும், மறுபக்கம் திருநெல்வேலி போக வேண்டும். மாமா அதுவரை ரயிலில் ஏறியதே இல்லை என்பதை அவரே இன்னொரு பேச்சில் சொல்லியிருக்கிறார்.

இப்படி ஒரு வாக்கியம் வரும்போது, "தப்பாச் சொல்றீங்க மாமா" என்று மடக்கினால் வேலை கெட்டுப்போகும். "நீங்க எங்க நின்னு பாத்தீங்க?" என்று கேட்டேன். ஓர்மை உண்டா என்று கேட்டால் வரும் அந்த ஒரு நிமிஷம் வந்தது. அப்புறம் சொன்னார். தங்கைக்கு ஒரு சான்றிதழ் வாங்க ஓர் அரசு அலுவலகத்துக்கு நாலைந்து தடவை நடந்து அலுத்துப்போயிருந்தாராம். 1976இல் ஒருநாள் போனால் பத்து மணிக்கு எல்லா நாற்காலியிலும் ஆள். எதிர்பாராமல் நிமிர்ந்து பார்த்த கிளார்க், "என்ன வேணும், இருங்க" என்று சொன்னாராம். இருங்க என்ற அந்த ஒரு சொல்லை மாமா இரண்டு தடவை சொல்லிக் காட்டினார். அலுவலகம் போன ஒரு ஏழைத் தையல்காரரை உட்காரச் சொன்ன ஒரே காலம் அவருக்கு அதுதான். அந்தச் சந்தோஷத்துக்கு ஊரில் ஏற்கெனவே புழங்கிய ஒரு வாக்கியம் தயாராக இருந்தது, ரயில் வாக்கியம். அதை எடுத்து மேலே போர்த்திக்கொண்டார். அடியில் இருந்த நாற்காலி உண்மை.

அவசரமாகத் தீர்ப்புச் சொல்லிவிடக் கூடாது என்று எனக்குப் புரியவைத்தது மாமாதான். அந்த 21 மாதத்தில் விசாரணை இல்லாமல் சிறை வைக்கும் மிசா சட்டத்திலும் பாதுகாப்பு விதிகளிலும் அடைக்கப்பட்டவர்கள் 1 லட்சத்துக்கும் மேல் என்று, எமர்ஜென்சி அத்துமீறல்களைப் பிற்பாடு விசாரித்த ஷா கமிஷன் கணக்கெடுத்தது. அது எனக்கு முக்கியம், அதை நான் ஒருநாளும் சின்னதாக்க மாட்டேன். ஆனால் மாமாவின் நாற்காலியைப் பொய் என்று சொல்லவும் எனக்கு மனம் வரவில்லை. இரண்டையும் ஒரே ஏட்டில் எழுதத் தெரிய வேண்டும்.

பாம்படம், போனஸ், அணைக்கச் சொன்ன ரெக்கார்டர்

தெற்குத் தெரு ஆச்சிக்கு 80 தாண்டிவிட்டது. எமர்ஜென்சி என்ற சொல்லே அவருக்குத் தெரியவில்லை. "மாமியாருக்க பாம்படம் திரும்பி வந்த வருஷமா?" என்று கேட்டார். பாம்படம் என்பது வடித்த காதில் போடும் கனமான தங்க நகை. 1975 ஜூலை 1 அன்று இந்திரா காந்தி அறிவித்த 20 அம்சத் திட்டத்தில் ஏழைகளின் கிராமப்புறக் கடனை வசூலிக்காமல் நிறுத்துவதும் ஒன்று. அந்தக் காற்று எங்கள் ஊருக்கு வந்ததை ஆச்சி இப்படித்தான் வைத்திருக்கிறார்: வட்டிக்காரர் ஒருநாள் கூப்பிட்டு, பழைய வேட்டித் துண்டில் முடிந்து வைத்திருந்த பாம்படத்தை மாமியார் கையில் போட்டாராம். இரண்டு காதுக்கும் சேர்த்து எத்தனை பவுன் என்று ஆச்சிக்கு ஓர்மை இல்லை. முடிச்சை அவிழ்க்கும்போது மாமியாரின் விரல் நடுங்கியது ஓர்மை இருக்கிறது. வடிந்து தோளைத் தொடும் காதில் அதைத் திருப்பி மாட்டியபோது, இத்தனை நாள் சும்மா கிடந்த காது வலித்ததாம்.

ஆனால் கதை அதோடு முடியவில்லை. அடுத்த வருடம் மழைக்கு வீட்டு ஓலை மாற்ற 50 ரூபாய் தேவைப்பட்டபோது ஒருவரும் கடன் கொடுக்கவில்லை. "திருப்பித் தரமாட்டியள்லா, சர்க்காரு உங்க பக்கம்லா" என்று சொல்லி அனுப்பினார்களாம். அந்தத் தடவை மரச்சீனிக் கிழங்கை (மரவள்ளி) முற்றுமுன்னே பிடுங்கி விற்று ஓலை வாங்கினார்கள். ஆச்சி இரண்டையும் ஒரே மூச்சில் சொன்னார். நல்ல வருடமா கெட்ட வருடமா என்று அவர் பிரிக்கவில்லை.

அண்டியாபீசில், அதாவது முந்திரி ஆலையில், வேலை பார்த்த இன்னொரு அக்காவுக்கும் எமர்ஜென்சி தெரியாது. முந்திரிப் பருப்பு உடைத்து உடைத்து, தோட்டெண்ணெய் பட்டுக் கறுத்த விரல்கள். 50 வருடம் கழித்தும் நகக்கண்ணில் அந்தக் கறுப்பு இருக்கிறது. "ஒரு வருஷம் போனசு பாதியாப் போச்சு. ஏன்னு கேக்க ஒருத்தனுக்கும் வாய் வரல்ல, அதுக்கு முந்தி கேக்கத் தெரிஞ்ச ஆளுங்கதான்" என்றார். நான் வீட்டுக்கு வந்து பார்த்தேன். குறைந்தபட்ச போனஸ் 8.33 சதவீதம் என்று இருந்ததை 1975 செப்டம்பரில் ஓர் அவசரச் சட்டம் 4 சதவீதமாக இறக்கியது. 1977இல் ஆட்சி மாறிய பிறகுதான் 8.33 திரும்பியது. அக்கா சொன்ன பாதி என்பது ஏறக்குறையச் சரியான கணக்கு. எந்தப் புத்தகமும் படிக்காமல், எமர்ஜென்சியின் பெயரே தெரியாமல், அதன் ஒரு சட்டத்தை அவர் சம்பளக் கவரில் வைத்து ஓர்மையாக வைத்திருக்கிறார். ஊரே கேள்வி கேட்கப் பயந்தது என்பதையும் சேர்த்து.

என் சித்தி தொடக்கப்பள்ளி டீச்சராக இருந்தவர். குடும்பக்கட்டுப்பாட்டைப் பற்றி அவரிடம் கேட்கத்தான் எனக்குத் தயக்கமாக இருந்தது. 1976-77இல் நாடு முழுக்கச் செய்யப்பட்ட கருத்தடை அறுவைகள் 80 லட்சத்துக்கும் மேல். வடக்கே நடந்த கொடுமை இங்கே அந்த அளவுக்கு நடக்கவில்லை என்றுதான் எல்லோரும் சொல்வார்கள். சித்தி முதலில் சிவப்பு முக்கோணத்தையும் நாம் இருவர் நமக்கு இருவர் என்று சுவரில் எழுதியிருந்ததையும் பற்றி லேசாகப் பேசினார். கேஸ், அதாவது அறுவைக்கு ஆள், கொண்டு வர வேண்டும் என்று டீச்சர்களிடம் சொன்னார்கள், கொண்டு வந்தவர்களை மீட்டிங்கில் பாராட்டினார்கள் என்றார். பக்கத்து ஊர்ப் பனையேறி ஒருவரின் பெயரைத் தான் எழுதிக் கொடுத்ததாகச் சொன்னார். "அவரு இஷ்டப்பட்டுத்தான் வந்தாரு, ரூபாயும் கிடைச்சுது" என்றார். கொஞ்ச நேரம் பேசாமல் இருந்தார். அப்புறம், "அத ஆஃப் பண்ணு" என்று போனைக் காட்டினார்.

அதற்குப் பிறகு அவர் சொன்னதை இங்கே எழுத மாட்டேன். அப்படி ஒன்று இருக்கிறது என்று மட்டும் எழுதுகிறேன். நடக்கவில்லை என்று ஊர் சொல்லும் ஒரு விஷயம் ஒரு டீச்சரின் வாயில் 50 வருடமாக அடைபட்டுக் கிடந்திருக்கிறது.

எல்லைக்கு அந்தப் பக்கத்துச் செய்தி

கேரள எல்லையில் இருக்கும் களியக்காவிளைப் பக்கத்துச் சித்தப்பா மலையாளப் பத்திரிகை படிக்கிறவர். அவருக்கு எமர்ஜென்சி என்றால் ராஜன். கோழிக்கோடு பொறியியல் கல்லூரி மாணவன், 1976 மார்ச்சில் போலீஸ் பிடித்துக்கொண்டு போனது, திரும்பி வரவே இல்லை. தகப்பனார் ஈச்சர வாரியர் 1977இல் கேரள உயர் நீதிமன்றம் போன பிறகுதான் உண்மை வெளியே வந்தது. அப்போதுதான் முதலமைச்சர் ஆகியிருந்த கருணாகரன் ஒரே மாதத்தில் பதவி விலக வேண்டியதாயிற்று. சித்தப்பா ராஜனை நேரில் பார்த்ததில்லை. ஆனால் ஒரு தகப்பன் மகனைத் தேடி அலைந்ததைச் சொல்லும்போது, தன் வீட்டு விஷயம் போல அவர் குரல் அடைத்தது.

சந்திப்பில் சாயாக்கடை வைத்திருந்த திமுககாரருக்கோ எமர்ஜென்சி தொடங்குவதே 1976 ஜனவரி 31 அன்றுதான், கருணாநிதி ஆட்சியைக் கலைத்த நாள். அன்று ராத்திரி கடையில் மாட்டியிருந்த அண்ணா படத்தை விட்டுவிட்டு, கலைஞர் படத்தை மட்டும் கழற்றி அரிசிப் பானைக்குள் வைத்தாராம். சென்னை மத்திய சிறையில் அடிபட்ட திமுகவின் சிட்டிபாபு இறந்துபோன செய்தி வந்தபோதும் படம் பானைக்குள்தான் இருந்தது. சட்டகத்தின் மரத்தில் அரிசிப் பூச்சி ஏறிய ஓட்டைகளை எனக்குக் காட்டினார். படம் இப்போது மறுபடி சுவரில் இருக்கிறது.

ஒரே மாவட்டத்தில், ஒரு மணி நேரப் பயணத்துக்குள், எமர்ஜென்சி மூன்று வெவ்வேறு நாளில் தொடங்குகிறது.

1977 மார்ச் தேர்தலைப் பற்றிச் சொல்லாமல் விட முடியாது. வடக்கே இந்திரா காந்தியே தோற்றார். தெற்கே அப்படி இல்லை. தமிழ்நாட்டில் 39இல் 34 இடம் அதிமுக, காங்கிரஸ் அணிக்குப் போனது. கேரளத்தில் 20க்கு 20 காங்கிரஸ் அணிக்கு. இந்த இரண்டுக்கும் நடுவில் கிடந்த நாகர்கோவிலோ எதிர்ப்பக்கம் நின்று, ஸ்தாபன காங்கிரஸின் குமரி அனந்தனைத் தேர்ந்தெடுத்தது. மூப்பனார் உட்பட அந்தக் கட்சியில் பெரும்பகுதி 1976இலேயே இந்திரா காங்கிரஸில் கலந்துவிட்டிருந்தது. கலக்காமல் நின்றவர்களில் குமரி அனந்தன் ஒருவர்.

பெரியம்மாவுக்கு 21 வயது நிரம்பி, முதல் ஓட்டு அது. யாருக்குப் போட்டீர்கள் என்று கேட்டேன்.

"காமராசருக்கு."

"அவரு அப்போ இல்லையே பெரியம்மா. குமரி அனந்தன்தானே நின்னாரு?"

"அது எனக்குத் தெரியாதா? பேப்பர்ல அவரு பேரு இருந்துது. நான் போட்டது காமராசருக்கு."

2025 ஏப்ரலில் குமரி அனந்தன் இறந்தபோது எங்கள் ஊரில் பலர் இதையேதான் வேறு வேறு சொற்களில் சொன்னார்கள். தேர்தல் ஆய்வுக்காரர்கள் பக்கம் பக்கமாக எழுதும் ஒரு கேள்விக்குப் பெரியம்மாவின் இந்தப் பதில் போதும் என்று எனக்குத் தோன்றுகிறது.

நான்காம் தடவை

காலண்டர், அமாவாசை, முதல் வெள்ளி எல்லாவற்றையும் ஒரு தாளில் எழுதிக்கொண்டு கடைசியாகப் பெரியம்மாவிடம் போனேன். கொஞ்சம் பயமும் இருந்தது. 50 வருடமாகச் சொல்லிவந்த கதையில் கை வைக்கிறோமே என்று. தாளைப் படித்துக் காட்டினேன். கவனமாகக் கேட்டார். கோபப்படவில்லை.

"ஜூன்ல இல்ல, அக்டோபர்லயா?"

"ஆமா பெரியம்மா. காமராஜர் இறந்த அன்னைக்கு."

"காமராசரு செத்த அன்னைக்குன்னு அம்மையும் சொல்லுவா. எமர்ஜென்சி போட்ட அன்னைக்குன்னும் சொல்லுவா. ரெண்டும் ஒண்ணுன்னுதான் நாங்க வச்சிருந்தோம்" என்றார். அப்புறம் கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. எழுந்து போய் அடுப்பைப் பார்த்துவிட்டு வந்தார். வந்து உட்கார்ந்ததும், நான் கேட்காத ஒன்றைச் சொன்னார்.

"அப்பா அன்னைக்கு ஒரு துணிப்பொதி கொண்டு வந்தாருல்லா. எனக்கு ஒரு தாவணித் துணி, தம்பிக்குச் சட்டைத் துணி. பிரிச்சுப் பாத்தா எல்லாம் கதர். மொரமொரன்னு சாக்கு மாதிரி. எனக்குப் பிடிக்கவே இல்ல, அழுதேன். அப்பா காலைச் சுடுவெள்ளத்தில வச்சுட்டு, ஒண்ணும் சொல்லாம ரேடியோவையே பாத்துட்டு இருந்தாரு. அம்மைதான் சொன்னா, கதர்க் கடையில தள்ளுபடி போட்டிருந்தானாம், அதான் எடுத்தாருன்னு."

"தள்ளுபடி எதுக்கு?"

"காந்தி ஜெயந்திக்குத்தான் மக்ளே. வருஷா வருஷம் போடுவான்லா."